வக்கீல் வரவில்லை என்று கிரிமினல் அப்பீலைத் தள்ளுபடி செய்யலாமா? உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

கேள்வி: சார், அடிதடி கேஸில் மாமாவுக்கு 2 வருடத் தண்டனை. செஷன்ஸ் கோர்ட்டில் அப்பீல் போட்டு, தண்டனையையும் நிறுத்தி வைத்திருந்தார்கள். போன வாய்தாவுக்கு வக்கீல் போகவில்லை. 'ஆஜர் இல்லை, தள்ளுபடி' என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். இனி ஜெயில்தானா?

பதில்: பதறாதீர்கள், அந்த உத்தரவு நிற்காது. 1996-ல் பானி சிங் எதிர் உத்தரப் பிரதேச அரசு வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 3 நீதிபதிகள் அமர்வு தெளிவாகச் சொல்லிவிட்டது: விசாரணைக்கு எடுத்துக்கொண்ட கிரிமினல் அப்பீலை ஆள் வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளுபடி செய்யக்கூடாது, கீழ்க்கோர்ட் ஆவணங்களைப் படித்து, தண்டனை சரியா தப்பா என்று பார்த்துத்தான் முடிக்க வேண்டும். 1987-ல் ராம் நரேஷ் யாதவ் வழக்கில் 2 நீதிபதிகள் இதற்கு நேர்மாறாகச் சொல்லியிருந்தார்கள், அதைத்தான் இந்தத் தீர்ப்பு மாற்றியது. 90 நாளுக்குள் ஹைகோர்ட்டில் சீராய்வு மனு (ரிவிஷன்) போடுங்கள், கூடவே தண்டனை நிறுத்திவைப்புக்கும் ஒரு மனு. பிடிவாரண்ட் வரும்வரை காத்திருக்க வேண்டாம்.

கேள்வி: எங்கள் நில வழக்கு அப்பீலை இதே காரணத்துக்காகத் தள்ளுபடி செய்தார்களே, அது மட்டும் எப்படிச் செல்லும்?

பதில்: சிவிலில் விதி அப்படியே தலைகீழ். அப்பீல் போட்டவர் வராவிட்டால் தள்ளுபடி செய்யலாம், ஆனால் அவர் இல்லாமல் வழக்கின் உள்ளே போய்த் தீர்ப்புச் சொல்லக்கூடாது. 30 நாளுக்குள் தகுந்த காரணம் காட்டினால் திரும்ப எடுத்துக்கொள்வார்கள். கிரிமினலில் ஒருவனுடைய சுதந்திரமே பணயம், அதனால்தான் சட்டம் அப்பீல் கோர்ட்டையே ஆவணங்களைப் பார்க்கச் சொல்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 385, 386 பிரிவுகள், அதற்குப் பதிலாக 2024 ஜூலை முதல் நடப்பில் உள்ள பிஎன்எஸ்எஸ்ஸில் (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) 426, 427.

கேள்வி: அப்போ வாய்தாவுக்குப் போகாமலே இருக்கலாம், அப்படித்தானே அண்ணா?

பதில்: ஆசையைப் பாருங்கள்! தள்ளுபடி செய்ய முடியாது என்றால் தீர்ப்புச் சொல்ல முடியாது என்று அர்த்தமில்லை தம்பி. உங்கள் வக்கீல் இல்லாமலே ஆவணங்களைப் படித்துத் தண்டனையை உறுதி செய்யலாம். வேறு வக்கீலை நியமித்தே ஆக வேண்டும் என்றும் கட்டாயமில்லை, 2013-ல் பாண்டுரங்கா வழக்கில் அதையும் சொல்லிவிட்டார்கள். நிறுத்திவைப்பு ரத்தாகி வாரண்டும் வரும். சாட்சி சொன்னதில் உள்ள ஓட்டையை எடுத்துக் காட்ட ஆள் இல்லாவிட்டால் நஷ்டம் யாருக்கு? அப்பீல் போட்டவர் ஜெயிலில் இருந்து, தானாக வர முடியாவிட்டால் கதை வேறு, வழக்கைத் தள்ளிவைப்பதே நல்லது என்று பானி சிங் தீர்ப்பே சொல்கிறது.

கேள்வி: அப்பீல் நிலுவையில் இருக்கும்போதே அப்பா இறந்துவிட்டார். அவர் பெயரில் உள்ள களங்கம் அப்படியேதான் இருக்குமா?

பதில்: இருக்க வேண்டியதில்லை அம்மா. சிறைத் தண்டனை என்றால், இறந்த 30 நாளுக்குள் நீங்களோ உங்கள் தாயாரோ அப்பீலைத் தொடர அனுமதி கேட்கலாம் (பிஎன்எஸ்எஸ் 435). அபராதத்தை எதிர்த்த அப்பீல் என்றால் அது தானாக அற்றுப்போகாது.

கேள்வி: அண்ணன் ஜெயிலில் இருக்கிறான், இன்னொரு வக்கீல் வைக்கக் கையில் காசில்லை.

பதில்: காவலில் இருப்பவருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச வக்கீல் தர வேண்டும், சட்டம் அப்படி. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள், அல்லது 15100-க்குப் போன் பண்ணுங்கள். தீர்ப்பு நகலையும் அப்பீல் நம்பரையும் மறக்காமல் எடுத்துப் போங்கள்.