தண்ணீருக்குப் பின்னணிக் குரல் எதற்கு?

கேள்வி: போனில் ஆறு நிமிடக் குறும்படம் ஒன்று எடுத்தேன். கதை கிடையாது. உட்துறைமுகத் தண்ணீரில் படகுகளின் நிறம் நெளிவது, இடையிடையே கரையில் காயும் வலை, அவ்வளவுதான். பார்த்தவர்கள் எல்லோரும் 'இதுக்கு என்ன அர்த்தம்?' என்கிறார்கள். பின்னணியில் ஒரு கவிதை வாசித்தால் விளங்குமா?
- வாசகர் ஒருவர், திருகோணமலை

பதில்: கவிதை வேண்டவே வேண்டாம். குரல் வந்தால் எல்லோரும் அதைக் கேட்கத் தொடங்கிவிடுவார்கள், தண்ணீரை யார் பார்ப்பது? நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் சிக்கல் அந்த 'இடையிடையே'யில்தான் இருக்கிறது. வலையைக் கண்டதும் யாருடைய வலை, ஆள் எங்கே, கடலுக்குப் போனவர் திரும்பவில்லையா என்று மனம் தானாகவே கதை தேடும், அப்புறம் அர்த்தம் கேட்காமல் என்ன செய்வார்கள்? அமெரிக்கப் படக்கலைஞர் ரால்ஃப் ஸ்டெய்னர் 1929இல் எடுத்த 'எச்2ஓ' படமும் வெறும் தண்ணீர்தான். தொடக்கத்தில் மழை, ஓடை என்று எல்லாம் அடையாளம் தெரியும். போகப்போக கமரா நெருங்கி, கடைசியில் வெளிச்சமும் நிழலும் நெளிகிற கோடுகள்தான் மிஞ்சும். அந்த வரிசையே பார்ப்பவரின் கண்ணைப் பழக்கிவிடுகிறது. நீங்களும் வலையை எடுத்துவிடுங்கள், இல்லையென்றால் அது வலை என்றே தெரியாத அளவுக்குக் கிட்டப் போய் எடுங்கள். ஷாட்டை அவசரப்பட்டு வெட்டாதீர்கள். இன்னொன்று, எடுக்கும்போது போனில் ஃபோகஸையும் வெளிச்ச அளவையும் லொக் பண்ணிவிடுங்கள், அலை மினுங்கும்போதெல்லாம் போன் தன்பாட்டில் படத்தை இருட்டாக்கி வெளிச்சமாக்கினால் அசைவது தண்ணீரா போனா என்றே தெரியாது. உச்சி வெயிலில் எடுக்க வேண்டாம், படகில் சாய்வெயில் விழுந்து அதன் முன்னால் உள்ள தண்ணீர் நிழலில் இருக்கும் நேரம்தான் நிறம் நன்றாக ஏறும்.

தண்ணீர் அலுத்துப்போனால் புல்மோட்டைக்கு ஒருக்கால் போய் வாருங்கள். அலை திரும்பும்போது இல்மனைற் என்ற கனிமம் கலந்த கறுப்பு மணல் கோடு கோடாகப் படிவதைப் பார்த்தால் போனை எடுக்காமல் இருக்க மாட்டீர்கள்.

கேள்வி: கமராவே இல்லாமல் படம் எடுக்கலாமாமே, உண்மையா?
- வாசகி ஒருவர், கிண்ணியா

பதில்: உண்மைதான். அமெரிக்கப் பரிசோதனைப் பட இயக்குநர் ஸ்டான் பிராகேஜ் 1963இல் விட்டில் சிறகு, பூவிதழ், புல் எல்லாவற்றையும் 16 மி.மீ. பிலிமின் அகலமுள்ள, ஒளி ஊடுருவும் ஒட்டுநாடாக்களுக்கு நடுவே ஒட்டியே 'மொத்லைட்' படத்தைச் செய்தார். நியூசிலாந்தில் பிறந்த கலைஞர் லென் லை 1935இலேயே பிலிமில் நேரடியாக வர்ணம் பூசி 'எ கலர் பொக்ஸ்' செய்தார், பார்த்தால் கடைசியில் வருவது பிரிட்டிஷ் தபாலின் பார்சல் விளம்பரம்! இப்போது பிலிம் சுருளுக்கு எங்கே போவது? சருகையும் இதழையும் ஸ்கான் செய்து கணினியில் வரிசையாக அடுக்கினாலும் சரிவரும். ஆனால் ஒரு செக்கனுக்கு 24 படம் வேண்டும், அதனால் முதலில் பத்து செக்கனுக்கு மட்டும் செய்து பாருங்கள்.