ஜிபிஅப்டேட் ஸ்லாஷ் ஃபோர்ஸ் கொடுத்தும் புது பாலிசி வரவில்லை, ஏன்?

நீங்களும் ஏதோ ஒரு கிளை அலுவலகத்தில் மாட்டிக்கொண்டவர் என்றே நினைக்கிறேன். தலைமை அலுவலகத்துக்காரர் போனில் "ஃபோர்ஸ் கொடு" என்று சொல்லிக்கொண்டே இருப்பார், இல்லையா?

கம்பெனி தன் கம்ப்யூட்டர்களுக்கு மொத்தமாகப் போடும் விதிகள்தான் பாலிசி; அதை உடனே வாங்கச் சொல்லும் விண்டோஸ் கமாண்ட் ஜிபிஅப்டேட். வெறும் ஜிபிஅப்டேட் மாறிய பாலிசிகளை மட்டும் எடுக்கும். ஃபோர்ஸ் சேர்த்தால் மாறாததையும் மறுபடி போடும். ஒரு சுவரில் சுண்ணாம்பு உதிர்ந்ததற்கு வீட்டுக்கே வெள்ளையடிக்கிற கதை. நீங்கள் சும்மா இருந்தாலும் விண்டோஸ் 90 நிமிடத்துக்கு ஒருமுறை, அதோடு 30 நிமிடம் வரை கூடுதலாக, தானே வாங்கிக்கொள்ளும்.

நான் கேரளாவில், பாலக்காடு பக்கம் கஞ்சிக்கோட்டில் ஒரு கம்பெனியில் சிஸ்டம் பார்க்கிறேன். பென்டிரைவைத் தடுக்கும் பாலிசி வந்தது. எல்லா கம்ப்யூட்டரும் அடங்கின, ஸ்டோர்ஸில் இருந்தது மட்டும் அடங்கவில்லை. கொச்சியிலிருந்து ஒரு சார் ஃபோர்ஸ் கொடுக்கச் சொன்னார். கொடுத்தேன். கம்ப்யூட்டர் பாலிசி வெற்றி, யூசர் பாலிசி வெற்றி என்று இரண்டு வரி வந்தது. பென்டிரைவும் ஜோராகத் திறந்தது! அந்த வெற்றி, புதுப்பிக்கும் வேலை முடிந்தது என்பதற்குத்தான். உங்கள் பாலிசி ஏறியதற்கு அல்ல.

அப்புறம் கமாண்ட் பிராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து ஜிபிரிசல்ட் ஸ்லாஷ் ஆர் அடித்தேன்; எந்தப் பாலிசி ஏறியது, எது ஏறவில்லை என்று அது காட்டும். சாதாரணமாகத் திறந்தால் கம்ப்யூட்டர் பகுதியே வராது, கவனம். வடிகட்டப்பட்டவை பட்டியலில் நம் பாலிசி, பக்கத்தில் 'டினைட், செக்யூரிட்டி', அதாவது இந்தக் கம்ப்யூட்டருக்கு அனுமதி இல்லை. பாலிசியை ஒரு குரூப்புக்கு மட்டும் கொடுத்திருக்கிறார்கள். ஸ்டோர்ஸ் கம்ப்யூட்டரை அதில் அன்று காலையில்தான் சேர்த்திருக்கிறார்கள். ஓடிக்கொண்டிருக்கும் கம்ப்யூட்டர் தன் புதுக் குரூப்பை உடனே அறியாது. ரீஸ்டார்ட் செய்தேன், சரியாகிவிட்டது. சாஃப்ட்வேர் நிறுவும் பாலிசிக்கும் ரீஸ்டார்ட்டோ லாகின்னோ வேண்டும்.

கம்ப்யூட்டர் வைத்திருக்கும் பழைய அனுமதிச் சீட்டுகளை அழிக்கும் கேலிஸ்ட் பர்ஜ் கமாண்டைப் போட்டால் ரீஸ்டார்ட் வேண்டாமே என்று சிலர் வருவீர்கள். தெரியும் சார். வெளியே லாரி ஹார்ன் அடிக்கும்போது எனக்கு ரீஸ்டார்ட்தான் சுலபம்.

எரிச்சல் அதில்லை. "அண்ணாச்சி கமாண்டைத் தப்பா அடிச்சிருப்பார்" என்று அந்த சார் எல்லோரிடமும் சொல்லியிருக்கிறார். கோயம்புத்தூர் சொந்தக்காரர்களுக்கு நான் மலையாளி, கொச்சிக்கு அண்ணாச்சி, அதாவது தமிழன். கேரள எல்லைக்குள் இருக்கும் கொழிஞ்சாம்பாறையில் பிறந்து, அங்கேயே தமிழில் படித்து, அங்கேயே ஓட்டுப் போடுகிறவனுக்கு ஒரு பெயர்கூட வைக்க மாட்டார்களா?