முதலில் ராணுவம், பிறகு கலெக்டர்: மன்றோ வழியில் இன்று போக முடியுமா?

பிளஸ் டூ படிக்கும் மகன், "ராணுவ அதிகாரி ஆவேன், அப்புறம் கலெக்டர், கடைசியில் தாமஸ் மன்றோ மாதிரி கவர்னர்" என்கிறான். இது நடக்கிற காரியமா என்று கேட்டிருக்கிறீர்கள். பாதி நடக்கும். அதுவும் அவன் முதலில் எழுதும் தேர்வைப் பொறுத்தது.

மன்றோ கிழக்கிந்தியக் கம்பெனி ஆட்சியில் சென்னை மாகாண கவர்னராக இருந்தவர். அவரை அவன் சரியாகப் படிக்கட்டும். அண்ணா சாலையில் குதிரைமேல் இருக்கும் சிலையைப் பார்த்தால் வாளால் வளர்ந்தவர் என்றே தோன்றும். 1780-இல் சென்னைக்குக் காலாட்படை கேடட்டாக வந்தார், ஹைதர் அலியோடு நடந்த போரிலும் இருந்தார், உண்மைதான். ஆனால் அவரை உயர்த்தியது மொழியும் நிலவரிக் கணக்கும். 1792-இல் திப்புவிடமிருந்து பாராமகால் (இன்றைய கிருஷ்ணகிரி, தருமபுரிப் பக்கம்) கம்பெனி கைக்கு வந்தது. சென்னையின் சிவில் அதிகாரிகளுக்கு ஊர்மொழி தெரியவில்லை என்று கவர்னர் ஜெனரல் கார்ன்வாலிஸ் ராணுவத்தாரை அங்கே வரி நிர்வாகத்துக்கு அனுப்பினார். கேப்டன் ரீடின் உதவியாளர்களில் ஒருவராக மன்றோ அங்கே ஏழு வருடம் இருந்தார். பிறகு கனரா (இன்றைய கர்நாடகக் கடலோரப் பக்கம்), 1800 முதல் 1807 வரை கடப்பை, பெல்லாரிச் சீமை. கவர்னர் ஆனது 1820-இல், வந்து நாற்பது வருடம் கழித்து.

அன்று மேலிடத்தின் ஒரு முடிவு போதும். இன்று வயது வரம்பைத் தாண்ட வேண்டும்.

மகன் பிளஸ் டூவோடு என்.டி.ஏ. (தேசிய பாதுகாப்பு அகாடமி) தேர்வு எழுதினால் கிடைப்பது நிரந்தர கமிஷன், அதாவது ஓய்வு வயதுவரை நீடிக்கும் அதிகாரிப் பணி. பயிற்சி மூன்று வருடம் புனே அருகே கடக்வாஸ்லாவில், ஒரு வருடம் டேராடூனில்; 21, 22 வயதில் லெப்டினன்ட். ஓய்வூதியத்தோடு வெளியேற 20 வருடப் பணி வேண்டும். அப்போது வயது நாற்பதைத் தாண்டிவிடும், கலெக்டர் ஆவதற்கான சிவில் சர்வீஸ் தேர்வு எழுத முடியாது. பெற்றோர் அதிகம் தவறவிடுவது இதைத்தான்.

கலெக்டர் கனவு உறுதியானால் பட்டம் முடித்து சி.டி.எஸ். (பட்டதாரிகளுக்கான ராணுவ அதிகாரித் தேர்வு) எழுதி ஷார்ட் சர்வீஸ் கமிஷனுக்கு, அதாவது குறுகிய கால ஒப்பந்த அதிகாரிப் பணிக்குப் போகலாம். பயிற்சி 49 வாரம், பரங்கிமலையிலேயே. பணி 10 வருடம். பயிற்சி முடித்து 23-இல் பணியில் சேர்ந்தால் 33-இல் வெளியே வருவான். சிவில் சர்வீஸ் வரம்பு பொதுப்பிரிவுக்கு 32, பிற்படுத்தப்பட்டோருக்கு 35. குறைந்தது ஐந்து வருடம் பணியாற்றி, ஒப்பந்தக் காலம் முடித்து விடுவிக்கப்பட்ட அதிகாரிக்கு அதன்மேல் 5 வருடம் வரை தளர்வு உண்டு. ஆகவே பொதுப்பிரிவானாலும் கையில் நாலு வருடம் இருக்கும்.

கெடுவது மூன்று இடத்தில். "ஐந்து வருடம் ஆயிற்றே" என்று நடுவில் ராஜினாமா செய்தால் தளர்வு கைவிட்டுப் போகலாம். சிவில் சர்வீஸ் தேர்வு அறிவிக்கையில் தளர்வு பற்றிய பத்தியை வரிவரியாகப் படிக்க வேண்டும். 10 முடிந்ததும் இன்னும் 4 வருட நீட்டிப்பு வாங்கினால் வயது 37, பொதுப்பிரிவுக்குத் தளர்வோடு கூடிய வரம்பும் முடிந்துவிடும். பணியில் இருக்கும்போதே "சும்மா எழுதிப் பார்க்கிறேன்" என்று முதல்நிலைத் தேர்வின் ஒரு தாளை எழுதினாலும் ஒரு வாய்ப்பு கழியும். பொதுப்பிரிவுக்கு மொத்தமே ஆறு. ஷார்ட் சர்வீஸுக்கு ஓய்வூதியமும் கிடையாது என்பதால், படிக்கப்போகும் இரண்டு வருடச் செலவை அவன் சம்பளத்திலேயே சேர்த்து வைக்க வேண்டும்.

கவர்னர் பதவிக்குத் தேர்வே இல்லை. 35 வயது நிரம்பிய குடிமகன் யாரையும் குடியரசுத் தலைவர் நியமிக்கலாம். ஓய்வுபெற்ற லெப்டினன்ட் ஜெனரல்கள் நியமிக்கப்படுவதுண்டு: 2021-இல் உத்தரகாண்டுக்கு குர்மித் சிங், 2023-இல் அருணாசலத்துக்குப் பர்நாயக். அந்த உயரத்துக்குப் போவோர் நிரந்தர கமிஷன்காரர்கள். கலெக்டர் வழியும் கவர்னர் வழியும் பிரிவது இங்கேதான். எது வேண்டும் என்று என்.டி.ஏ. விண்ணப்பம் போடும் முன்பே அவனிடம் கேட்டுவிடுங்கள்.