பத்திரம், பட்டா, சுவாதீனம்: நில வழக்குக் கேள்வி பதில்

கே: தாத்தா 1968-இல் கிரயம் வாங்கிய நிலம். உழுது பயிர் வைப்பது நாங்கள்தான். ஆனால் பட்டா பக்கத்து நிலத்துக்காரர் பெயரில் இருக்கிறது. நிலம் போய்விட்டதா?

ப: போகவில்லை. பட்டா வருவாய்த்துறைப் பதிவு, அதுவே உரிமையைக் கொடுத்துவிடாது. 1980-களில் யுடிஆர் (நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த பணி) நடந்தபோது பெயர் மாறி விழுந்த நிலங்கள் ஊருக்கு ஊர் உண்டு. பதிவைத் திருத்தக் கோட்டாட்சியர் வழியே போகலாம். எதிராளி உரிமையே தனது என்று நின்றால், அவர்களே சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்வார்கள்.

அங்கேதான் பலர் சறுக்குகிறார்கள். செலவு குறையும் என்று வெறும் உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) கேட்டு வழக்குப் போடுகிறார்கள். உரிமையே சிக்கலில் இருக்கும்போது விளம்புகையும் (உரிமை உங்களுடையது என்ற அறிவிப்பும்) சேர்த்துக் கேட்க வேண்டும் என்று அனதுலா சுதாகர் வழக்கில் 2008-லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. எதிராளியின் பத்திரத்தில் ஓட்டை இருப்பதால் மட்டும் நீங்கள் ஜெயிக்க முடியாது. உங்கள் தாய்ப்பத்திரம் (மூலப் பத்திரம்), வில்லங்கச் சான்று, பழைய கிஸ்தி (நிலவரி) ரசீது இவைதான் வழக்கைத் தாங்கும். பத்திரத்தில் நான்கு எல்லையை விரல் வைத்துப் படியுங்கள்.

கே: இரண்டு மாதம் முன்பு ராவோடு ராவாக வேலி போட்டு எங்களை வெளியேற்றிவிட்டார்கள்.

ப: வேலியைப் பிடுங்கப் போகாதீர்கள், கிரிமினல் கேஸ் உங்கள் மேல் திரும்பும். குறிப்பிட்ட பரிகாரச் சட்டம் (Specific Relief Act) 6-ஆவது பிரிவில், வெளியேற்றிய 6 மாதத்துக்குள் வழக்குப் போட்டால், உரிமை யாருக்கு என்ற கேள்விக்கே போகாமல் சுவாதீனத்தை (நிலத்தின் கைவசத்தை) திரும்பப் பெறலாம். அரசுக்கு எதிராக மட்டும் இது செல்லாது. இந்த வாரமே வக்கீலைப் பாருங்கள்.

கே: பட்டா என் பெயரில் இருந்தால் போதும்தானே?

ப: முதல் பதிலைப் படியுங்கள்.

கே: 15 வருடமாக வாடகைக்கு இருக்கிறோம். 12 வருடம் தாண்டினால் வீடு நமக்கு என்கிறார்களே?

ப: இல்லை. வாடகைதாரர் எத்தனை வருடம் இருந்தாலும் வாடகைதாரர்தான்.

கே: நான் குறுக்கிடுகிறேன். எதிரிடை சுவாதீனத்தை (அடுத்தவர் நிலத்தை அவருக்கு எதிராக நீண்ட காலம் அனுபவிப்பதை) வைத்தே வழக்குப் போடலாம் என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறதே?

ப: சொல்லியிருக்கிறது. ரவீந்தர் கவுர் கிரேவால் வழக்கு. அதற்கு முன், எதிர்வாதமாக மட்டுமே சொல்லலாம் என்ற தீர்ப்பு இருந்தது. அது மாறியது. ஆனால் உரிமையாளருக்கு எதிராக, வெளிப்படையாக, இடைவிடாமல் அனுபவித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை அப்படியே இருக்கிறது. அனுமதியோடு நுழைந்தவருக்கு அந்த 12 வருடக் கடிகாரம் ஓடத் தொடங்குவதே இல்லை. அரசு நிலம் என்றால் 30 வருடம்.

கே: கரன்ட் பில், வீட்டு வரி ரசீது எல்லாம் என் பெயரில்தான் இருக்கிறது. பிறகு என்ன?

ப: நீங்கள் அங்கே இருந்தீர்கள் என்று அவை சொல்லும். எந்த உரிமையில் இருந்தீர்கள் என்று சொல்லாது. எந்தத் தேதியிலிருந்து எதிரிடையாக இருந்தீர்கள் என்று பிராதில் (வழக்கு மனுவில்) எழுத வேண்டும். நிலம் அவருடையது என்று ஒப்புக்கொண்டுதான் இந்த வாதமே தொடங்கும். 'கிரயமும் என்னுடையது, எதிரிடையும் என்னுடையது' என்று இரண்டு படகில் கால் வைத்து நல்ல பத்திரத்தையே கெடுத்தவர்களைப் பார்த்திருக்கிறேன். இதற்கு மேல் இதைப் பற்றிக் கேட்காதீர்கள்.

கே: பொது அதிகாரப் பத்திரம் மூலம் மனை வாங்கினேன். செல்லுமா?

ப: பவரை வைத்து உங்களுக்குக் கிரயம் எழுதிப் பதிவு செய்தார்களா, பவரை மட்டும் கையில் கொடுத்தார்களா? இரண்டாவது என்றால் உரிமை மாறவில்லை. சூரஜ் லாம்ப் தீர்ப்பு, 2011.

கே: கோயில் நிலக் குத்தகை?

ப: என் துறை இல்லை. அறநிலையத்துறை வழக்கு நடத்துபவரிடம் கேளுங்கள்.

கே: பத்திரத்தில் 42 சென்ட், அளந்தால் 47 வருகிறது. அதிகப்படி 5 சென்ட் யாருக்கு?

ப: அளவும் எல்லையும் மோதினால் பொதுவாக எல்லைதான் நிற்கும். இதே மாதிரி ஒரு வழக்கில் நீதிமன்ற ஆணையரோடு போனேன். சர்வேயர் புலப்படத்தை (நில அளவை வரைபடத்தை) விரித்துச் சங்கிலியை இழுத்தார், கிழக்குக் கல் கிடைக்கவில்லை. கடைசியில் கருவேல வேரடியில், ஒன்றரை அடி ஆழத்தில் கல் தட்டுப்பட்டது. 'கிழக்கில் வண்டிப்பாதை' என்று பத்திரம் சொன்ன அதே கோடு. 5 சென்ட்டும் என் கட்சிக்காரருக்கே நின்றது. நீங்களும் அளக்கப் போகும் முன் நான்கு எல்லையை எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.