ஒரே கசெற்றில் பிறந்த இரண்டு அல்பங்கள்

அன்புள்ள ஐயா,

அமெரிக்க ரொக் பாடகர் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீனின் அல்பங்களை ஆண்டு வரிசையில் கேட்டு முடித்தேன். ‘போர்ன் டு ரன்’னில் இருந்த வேகம் போகப் போகக் குறைந்து, கடைசியில் முதியவரின் முணுமுணுப்பாகிவிட்டதாகவே எனக்குப் படுகிறது. தாங்கள் அவரை இன்னமும் விடாமல் கேட்பது ஏன்?

வாசகர், உப்புவெளி

அன்புள்ள நண்பருக்கு,

வேகம் குறைந்தது உண்மை. ஆனால் அது முதுமையால் வந்ததன்று. 1975இல் வெளியான ‘போர்ன் டு ரன்’னின் தலைப்புப் பாடலுக்கு மட்டும் ஆறு மாதமளவு செலவிட்டு, வாத்தியத்தின் மேல் வாத்தியமாக அடுக்கியவர், முன்னாள் முகாமையாளருடனான வழக்கினால் ஒலிப்பதிவு தடைப்பட்டுக் கிடந்த பின்னர், 1978இல் ‘டார்க்னஸ் ஆன் த எட்ஜ் ஒஃப் டவுன்’ என்ற இறுக்கமான அல்பத்தைத் தந்தார். அப்போது அவருக்கு வயது 28.

நீங்கள் ஒரே வரியில் கடந்துபோகக்கூடிய ‘நெப்ராஸ்கா’ அல்பத்தில்தான் என் பதில் இருக்கிறது. 1982 ஜனவரியில், நியூ ஜேர்சியின் கோல்ட்ஸ் நெக்கிலிருந்த வாடகை வீட்டின் படுக்கையறையில், நான்கு தடங்களில் பதியும் கசெற் கருவியொன்றை வைத்து, இசைக்குழுவுக்குப் போட்டுக் காட்டுவதற்கென்று தனியே பாடி வைத்த பாட்டுக்கள் அவை. குழுவோடு ஒலிப்பதிவுக் கூடத்தில் வாசித்துப் பார்த்தபோது அவற்றின் உயிர் போய்விட்டதால், உறைகூட இல்லாமல் அவருடைய காற்சட்டைப் பையில் திரிந்த அந்தக் கசெற்றே அல்பமாக வெளிவந்தது. (திருகோணமலை றெக்கோடிங் பார்களில் பாட்டுப் பட்டியல் கொடுத்துவிட்டு, கசெற்றில் பதிந்து வாங்கக் காத்திருந்தவர்களுக்கு அந்தக் கசெற் இரைச்சல் உறுத்தாது.) மாவா நகரின் கார்த் தொழிற்சாலை மூடப்பட, வேலையிழந்தவன் குடிபோதையில் ஒருவரைச் சுட்டு 99 ஆண்டுத் தண்டனை பெறும் கதையில், அவன் நீதிபதியிடம் பேசுவதைப் பாடும்போது, பின்னணியில் பெரிய வாத்தியங்கள் இருந்திருந்தால் அவனுடைய குரல் நமக்கு எட்டியிராது.

1984இல் அரங்கங்களை அதிரவைத்த ‘போர்ன் இன் த யூ.எஸ்.ஏ.’யின் தலைப்புப் பாடலும் அதே வீட்டுப் பதிவுகளில் ஒன்றுதான் என்பதைக் கவனியுங்கள். வியட்நாமிலிருந்து திரும்பியவனுக்கு வேலை மறுக்கப்படும் கதை அது. போர் முடிந்தபின் ஒருவனுக்கு என்ன மிஞ்சுகிறது என்பதை நம் ஊரில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை; ஆனால் அந்த முரசொலியில் மயங்கிய பலர் அதைத் தேசப் பெருமையின் பாட்டாகவே கேட்டார்கள். ஆக, ஓசையைக் கூட்டுவதும் குறைப்பதும் அவருக்கு வயதின் விளைவு அல்ல. பேசுபவன் யார் என்பதைப் பொறுத்து எடுக்கும் முடிவு.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வந்த இரண்டு அல்பங்களை நானும் அதிகம் கேட்பதில்லை. ஆனால் 2019இல் வந்த ‘வெஸ்டர்ன் ஸ்டார்ஸ்’இல், உடம்பெல்லாம் முறிந்து தேறிய சண்டைக்காட்சி நடிகனுக்காக வயலின் வரிசையையே அழைத்து வருகிறாரே, அது முணுமுணுப்பா? அதே ஆண்டின் இறுதியில், தமது எழுபதாவது வயதில், குழுவைக் கூட்டிச் சில நாட்களிலேயே பதிவுசெய்து 2020இல் வெளியிட்ட ‘லெட்டர் டு யூ’வில், முதல் அல்பத்துக்கும் முன்பு எழுதிய மூன்று பாடல்கள் இருக்கின்றன. அவை எவையெவை என்று தேடிப் பார்க்காமல் கேட்டு, உங்களால் பிரித்தறிய முடிகிறதா என்று எழுதுங்கள்.