மெக்சிகோவின் எம்.பி. – கடிதம்

அன்புள்ள ஐயா,

நிர்வாகம் தெரிந்த தொழிலதிபர்கள் அரசியலுக்கு வந்தால் நாடு உருப்படும் என்று எங்கள் அலுவலகத்தில் அடிக்கடி பேச்சு வரும். சமீபத்தில் கௌட்ரே பிரபு ஆன வீட்மன் பியர்சனைப் பற்றிப் படித்தேன். சுரங்கம், துறைமுகம், எண்ணெய் என்று தொட்டதெல்லாம் துலங்கியவர், பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் பதினைந்து வருடம் இருந்தும் பெயர் சொல்லும்படி ஒன்றும் செய்யவில்லை. கடைசியில் கிடைத்த பதவியும் ஒரு வருடம் தாங்கவில்லை. இந்த மாதிரி மூளைக்கு அரசியல் ஒத்துவராது என்று எடுத்துக்கொள்ளலாமா?

செ.

அன்புள்ள செ.,

எனக்கு நேர்மாறாகத் தோன்றுகிறது. பியர்சனுக்கு அரசியல் நன்றாகவே தெரியும், ஆனால் அதை அவர் செய்த இடம் லண்டன் இல்லை.

யார்க்‌ஷயரில் தாத்தா தொடங்கிய கட்டுமானக் கம்பெனியில் இளவயதிலேயே சேர்ந்து தொழில் கற்ற காண்ட்ராக்டர் அவர். தேம்ஸுக்கு அடியில் பிளாக்வால் சுரங்கம் (1897), அப்புறம் நியூயார்க்கில் ஈஸ்ட் ரிவருக்கு அடியில் ரயில் சுரங்கங்கள். உள்ளே காற்றழுத்தத்தை ஏற்றி, ஆற்றுத் தண்ணீரை வெளியே நிறுத்திக்கொண்டே தோண்டுகிற வேலை இது. வெளியே வரும்போது அவசரப்பட்டு அழுத்தத்தைக் குறைத்தால் தொழிலாளியின் ரத்தத்தில் குமிழ் உண்டாகி உயிரே போகலாம். இதில் அவருக்குப் பெயர் வந்தது. ஆனால் பெரும் பணம் வந்தது மெக்சிகோவில்.

1889இல் மெக்சிகோ நகரத்து வெள்ளத்தை வடிக்கும் பெரிய கால்வாயின் ஒப்பந்தம் கிடைத்தது. அங்கே அதிபர் போர்ஃபீரியோ தியாஸ் வைத்ததுதான் சட்டம். அவருக்கு அமெரிக்கக் கம்பெனிகளிடம் உள்ளூரப் பயம், நாட்டையே விழுங்கிவிடுவார்களோ என்று. எதிர்த்தட்டில் வைக்க ஒரு பிரிட்டிஷ்காரர் வேண்டியிருந்தது. பியர்சன் இதைப் புரிந்துகொண்டார் பாருங்கள், அதுதான் அரசியல். வெராக்ரூஸ் துறைமுகமும், அட்லாண்டிக்கையும் பசிபிக்கையும் இணைக்கும் தெவாந்தபெக் ரயில்பாதையும் அவர் கைக்கு வந்தன. 1901இல் அமெரிக்க எல்லை ஊரான லரேடோவில் இணைப்பு ரயிலைத் தவறவிட்டார். அங்கே ஊரெல்லாம் டெக்சாஸ் எண்ணெய்க் கிணறு பற்றியே பேச்சு. உடனே மெக்சிகோவில் எண்ணெய் நிலங்களை வாங்கச் சொல்லித் தந்தி அடித்தார். பிறகு தொடங்கிய எண்ணெய்க் கம்பெனியின் இயக்குநர் குழுவில் தியாஸின் மகனையும் உட்கார வைத்தார். இதைவிட அரசியல் தெரிந்த ஆளை எங்கே போய்த் தேடுவது?

இத்தனையும் நடந்தபோது, 1895 முதல் 1910 வரை, அவர் கோல்செஸ்டர் தொகுதியின் லிபரல் எம்.பி. சபையில் அவரைப் பார்ப்பதே அபூர்வம் என்பதால் 'மெக்சிகோவின் எம்.பி.' என்று கிண்டல் செய்தார்கள்.

ஒரே ஆளை நம்பிச் செய்த அரசியல், அந்த ஆள் போனதும் ஆட்டம் கண்டது. 1911இல் தியாஸ் நாட்டை விட்டு ஓடினார். பின்னால் ராணுவ பலத்தில் ஆட்சியைப் பிடித்த உவெர்த்தாவை 1913இல் பிரிட்டன் அங்கீகரித்தபோது, பின்னணியில் பியர்சனின் எண்ணெய்தான் இருக்கிறது என்று அமெரிக்காவில் குற்றம்சாட்டினார்கள், அவர் மறுத்தார். 1919இல் கம்பெனியின் கட்டுப்பாட்டை ஷெல்லிடம் கொடுத்து ஒதுங்கியது அபாரமான நேரக்கணக்கு. 1938இல் மெக்சிகோ அரசு எண்ணெயை நாட்டுடைமை ஆக்கிவிட்டது.

நீங்கள் சொல்லும் பதவி, 1917 ஜனவரியில் கிடைத்த விமான வாரியத் தலைமை. போர்க்காலம், ராணுவமும் கடற்படையும் எஞ்சினுக்கு அடித்துக்கொண்ட நேரம், அதில் விமான உற்பத்தியை நன்றாகவே உயர்த்தினார். ஆக, வேலையில் தோற்கவில்லை. தனி விமான அமைச்சகம் அமைக்க முடிவானபோது, பிரதமர் லாயிட் ஜார்ஜ் இவரிடம் ஒரு வார்த்தைகூடச் சொல்லாமல் அந்தப் பதவியைப் பத்திரிகை முதலாளி நார்த்கிளிஃபிடம் நீட்டினார். நார்த்கிளிஃப் மறுத்தது மட்டுமில்லை, மறுப்புக் கடிதத்தைத் தன்னுடைய 'டைம்ஸ்' நாளிதழிலேயே போட்டுவிட்டார். தன் நாற்காலி கைமாற இருந்ததை கௌட்ரே பேப்பரில் படித்துத்தான் தெரிந்துகொண்டார். அன்றே ராஜினாமா.

எனக்கு அவர்மேல் பரிதாபம் வரும் ஒரே இடம் இதுதான். தியாஸ் என்ற ஒருவரின் மனசைப் படித்தே இருபது வருடம் ஓட்டியவருக்கு, பிரதமர், கட்சி, பத்திரிகை என்று ஆளுக்கொரு பக்கம் இழுக்கும் ஊரில் யாரைப் படிப்பது என்று பிடிபடவில்லை. உங்கள் அலுவலகத்தில் அடுத்த முறை பேச்சு வந்தால், அந்தத் தொழிலதிபர் இதுவரை எத்தனை பேரிடம் ஒப்பந்தம் வாங்கிப் பழகியவர் என்று கேட்டுப் பாருங்கள்.