உட்கார்ந்தால் வேலை போகுமா?

கேள்வி: அண்ணே, வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டுல ஒரு துணிக்கடையில 4 வருஷமா புடவை செக்‌ஷன்ல நிக்கிறேன். மத்தியானம் கூட்டமில்லாதப்ப ஸ்டூல்ல உட்கார்ந்தேன். "நாளையிலேர்ந்து வராதே"ன்னுட்டார் முதலாளி. ஏன்னு கேட்டா, ரெண்டு புடவை கணக்குல குறையுதாம்.
- பெயர் வேண்டாம், கொருக்குப்பேட்டை

பதில்: முதல்ல ஸ்டூல் சங்கதி, தங்கச்சி. கடை ஊழியர்களுக்கு இருக்கை தரணும், சந்தர்ப்பம் கிடைக்கிறப்ப உட்கார விடணும்னு 2021-லயே தமிழ்நாட்டுல சட்டத்தைத் திருத்தியாச்சு. அதுக்காக வேலையை விட்டு நிறுத்தறது அடாவடி.

புடவை விவகாரம் வேற. திருட்டு நிரூபணமானா நிறுத்தலாம். அதுல நான் உங்க பக்கம் நிக்க மாட்டேன். ஆனா விசாரணை நடத்தி, உங்க பதிலைக் கேட்டு, சாட்சியத்தைப் பதிவு செய்யணும். ஸ்டூலைப் பார்த்தப்புறம்தான் புடவை ஞாபகம் வந்துதாமா அவருக்கு?

1947-ஆம் வருஷத்துக் கடைகள் சட்டம், 41-ஆம் பிரிவு: 6 மாசம் தொடர்ந்து வேலை பார்த்தவரை நியாயமான காரணமில்லாம நிறுத்தக் கூடாது. வியாபாரம் டல்லுன்னு ஆளைக் குறைச்சாலும் ஒரு மாச நோட்டீஸ், இல்லேன்னா அந்த மாசச் சம்பளம்.

வெத்துத்தாள்ல கையெழுத்துப் போடாதீங்க. சம்பளச் சீட்டு, இ.எஸ்.ஐ. அட்டை, வாட்ஸ்அப் மெசேஜ் பத்திரம். நீக்கின உத்தரவு கிடைச்ச 30 நாளுக்குள்ள தொழிலாளர் துணை ஆணையர்கிட்ட மேல்முறையீடு செய்யணும். வாயால சொன்னவர் நாளைக்கு "அவளாத்தான் நின்னுட்டா"ம்பார். அதனால "வேலைக்கு வரத் தயார்"னு இன்னைக்கே அவருக்கு ஒரு ஸ்பீட் போஸ்ட் போட்டுடுங்க.